மர்ரே ஆற்றில் கார்ப்: லைசன்ஸ் எடுப்பதிலிருந்து பிடித்ததை என்ன செய்வது என்பது வரை

விக்டோரியாவுக்கோ நியூ சவுத் வேல்ஸுக்கோ புதிதாக வந்து, லீவு நாளில் தூண்டிலோடு ஆற்றங்கரைக்குப் போக ஆசைப்படும் தமிழர்களுக்காக இதை எழுதுகிறேன். மர்ரே, கோல்பர்ன், கேம்பஸ்பி என்று அந்தப் பக்கத்தில் எந்த ஆற்றில் தூண்டில் போட்டாலும் முதலில் மாட்டுவது பெரும்பாலும் கார்ப்தான். நம் ஊர்ப் பண்ணைக் குட்டைகளில் கட்லா, ரோகுவோடு சேர்த்து வளர்க்கும் அதே சாதா கெண்டை. அங்கே குஞ்சு வாங்கி விட்டு வளர்க்கிறோம். இங்கே அது தீங்கு செய்யும் உயிரினம் என்று சட்டமே சொல்கிறது. மர்ரே-டார்லிங் படுகையின் சில பகுதிகளில் மொத்த மீன் எடையில் 80 சதவீதத்துக்கும் மேல் இது ஒன்றுதான். அடிச்சேற்றை உறிஞ்சி வடிகட்டித் தின்னும். அதனால் தண்ணீர் கலங்கிப்போய், வெளிச்சம் இறங்காமல் நீர்த்தாவரங்கள் அழிகின்றன. அவற்றை நம்பியிருக்கும் உள்நாட்டு மீன்களுக்கும் இடமில்லாமல் போகிறது.

நாங்கள் சில குடும்பங்கள் சேர்ந்து, மர்ரே கரையிலிருக்கும் விக்டோரியா ஊரான எச்சுகாவுக்குக் கிளம்பியபோது, எந்த லைசன்ஸ் வேண்டும், என்ன வலை கொண்டுபோகலாம், பிடித்ததை என்ன செய்வது என்று கேட்ட இடத்திலெல்லாம் ஆளுக்கொரு பதில் வந்தது. இரண்டு மாநில அரசுகளின் விதிகளையும் எடுத்து வைத்துப் படித்து, கரையில் சோதனைக்கு வந்த மீன்வள அதிகாரியிடமும் கேட்ட பிறகுதான் தெளிவு கிடைத்தது. அந்த அலைச்சல் உங்களுக்கு வேண்டாம்.

1. தண்ணீர் எந்த மாநிலத்துடையது என்று முதலில் பாருங்கள்

எல்லாக் குழப்பமும் இங்கேதான் ஆரம்பிக்கிறது. மர்ரே ஆறு இரண்டு மாநிலங்களுக்கும் எல்லை என்பதால் பாதி ஆறு நமக்கு, பாதி அவர்களுக்கு என்று நினைக்கத் தோன்றும். உண்மையில் தென்கரையின் மேல் விளிம்பு வரை ஆறு முழுவதும் நியூ சவுத் வேல்ஸைச் சேர்ந்தது. நீங்கள் விக்டோரியா மண்ணில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தாலும், தூண்டில் மர்ரேயில் விழுந்தால் நியூ சவுத் வேல்ஸ் லைசன்ஸ் வேண்டும்; அளவு, எண்ணிக்கை விதிகளும் அந்த மாநிலத்துடையவையே.

எச்சுகாவில் இது நன்றாகத் தெரியும். ஊருக்குள்ளேயே கேம்பஸ்பி ஆறு வந்து மர்ரேயில் கலக்கிறது. கேம்பஸ்பியில் தூண்டில் போட விக்டோரியா லைசன்ஸ். நடந்து போய் மர்ரேயில் போட்டால் நியூ சவுத் வேல்ஸ் லைசன்ஸ். அணைகளில் இன்னும் கவனம் தேவை: ஹியூம் ஏரிக்கு விக்டோரியா லைசன்ஸ், மல்வாலா ஏரிக்கு நியூ சவுத் வேல்ஸ் லைசன்ஸ். மர்ரேயிலிருந்து விக்டோரியா பக்கம் பிரிந்து கிடக்கும் குட்டைகளும் கிளை ஓடைகளும் விக்டோரியாவின் கணக்கு. போகும் இடத்தை வரைபடத்தில் பார்த்து முடிவு செய்த பிறகே பணம் கட்டுங்கள். ஒரே நாளில் இரண்டு தண்ணீரிலும் பிடிக்கப் போகிறீர்கள் என்றால் இரண்டு லைசன்ஸும் வேண்டும்.

2. லைசன்ஸ்: யாருக்கு, எவ்வளவு, எங்கே

நியூ சவுத் வேல்ஸில் 3 நாளுக்கு 7 டாலர், ஒரு மாதத்துக்கு 14, ஓராண்டுக்கு 35, மூன்றாண்டுக்கு 85. சர்வீஸ் என்எஸ்டபிள்யூ தளத்தில் வாங்கிவிடலாம். தூண்டில் கடைகளிலும் கிடைக்கும். விக்டோரியாவிலும் 3 நாள், 28 நாள், ஓராண்டு என்று உண்டு. ஓராண்டுக்கு ஏறக்குறைய 40 டாலர். ஜூலை மாதம் கட்டணத்தை மாற்றுவார்கள். கடையில் வாங்குவதைவிட ஆன்லைனில் வாங்கினால் கொஞ்சம் குறைவு. முதல் தடவை போகிறவர்கள் 3 நாள் லைசன்ஸ் எடுத்தால் போதும். ஆண்டுக்கு இரண்டு மூன்று தடவைக்கு மேல் போவீர்கள் என்று தெரிந்த பிறகு ஓராண்டு எடுங்கள்.

வாங்கும்போது பெயர், பிறந்த தேதி, முகவரி, மின்னஞ்சல், கார்டு இவை கையில் இருக்கட்டும். பாஸ்போர்ட்டில் உள்ளபடியே பெயரைக் கொடுங்கள். நம் பெயர்களில் முதற்பெயர், குடும்பப்பெயர் முன்பின்னாக மாறிவிடும். சோதனையின்போது அடையாள அட்டையோடு ஒத்துப்போகாமல் நின்று விளக்க வேண்டிவரும். லைசன்ஸைப் போனில் காட்டலாம். ஆனால் ஆற்றோரத்தில் பல இடங்களில் சிக்னல் இருக்காது. கிளம்பும் முன்பே ஸ்கிரீன்ஷாட் எடுத்து வையுங்கள்.

18 வயதுக்குக் கீழே இருந்தால் இரண்டு மாநிலத்திலும் லைசன்ஸ் வேண்டாம். பெற்றோர் விஷயத்தில்தான் நம்மவர்கள் சிக்குகிறார்கள். விக்டோரியாவில் 70 வயது நிறைந்தவர்களுக்கு விலக்கு உண்டு. நியூ சவுத் வேல்ஸில் வயதை மட்டும் வைத்து விலக்கு கிடையாது. ஆஸ்திரேலிய ஓய்வூதியச் சலுகை அட்டை போன்ற ஏதாவது வேண்டும். விசிட்டர் விசாவில் வந்திருக்கும் 72 வயது அப்பாவிடம் அந்த அட்டை இருக்காது. அவர் மர்ரேயில் தூண்டில் பிடிக்கப்போகிறார் என்றால் அவருக்கும் 7 டாலர் கட்டிவிடுங்கள். 'சும்மா பிடித்துக்கொண்டு நின்றார்' என்பது எடுபடாது. தண்ணீருக்குப் பக்கத்தில் தூண்டிலை வைத்திருந்தாலே மீன்பிடிப்பதாகத்தான் கணக்கு.

3. வீச்சு வலையைக் கொண்டுபோகாதீர்கள்

ஊரிலிருந்து ஆசையாக வீச்சு வலை கொண்டுவந்தவர்கள் உண்டு. இரண்டு மாநிலத்திலும் பொழுதுபோக்கு மீன்பிடிப்புக்கு அது தடை. கார்ப்பைத்தானே பிடிக்கிறேன் என்ற வாதத்துக்கு இடமே இல்லை, ஏனென்றால் வலைக்குள் கார்ப்போடு எது வரும் என்று யாருக்கும் தெரியாது. ஓபரா ஹவுஸ் வலை என்று சொல்லும் கூண்டு வலையை விக்டோரியா 2019-ல் தடை செய்தது, நியூ சவுத் வேல்ஸ் 2021-ல். வாத்து அலகுப் பிளாட்டிபஸும் ஆமைகளும் நண்டுக்காக வைத்த கூண்டுக்குள் போய், மூச்சுவிட மேலே வர முடியாமல் மூழ்கிச் செத்ததுதான் காரணம். பழைய பொருள் விற்கும் தளங்களில் இன்னமும் மலிவாகக் கிடைக்கும். வாங்க வேண்டாம்.

ஆளுக்கு இரண்டு தூண்டில், பக்கத்திலேயே நாம் இருக்க வேண்டும். இவ்வளவுதான். ராடும் ரீலும் சேர்ந்த செட் 50, 60 டாலருக்கு நன்றாகவே வரும். கைப்பிடி வைத்த வலை ஒன்று, ஐஸ் போட்ட எஸ்கி பெட்டி, கனமான பிளாஸ்டிக் பை, மீனை அடிக்க ஒரு குட்டைத் தடி. கார்ப்புக்கு இரை என்று தனியாகச் செலவு செய்யத் தேவையில்லை. டின் மக்காச்சோளம், பிசைந்த ரொட்டி, மண்புழு மூன்றும் போதும். சிறு கொக்கியில் இரண்டு மூன்று சோளமணியைக் கோத்து அடியில் படுக்கவிடுங்கள். உயிருள்ள கார்ப்பை எதற்கும் இரையாகப் போடவே கூடாது.

4. இது கார்ப்தானா?

இதில்தான் நேரம் செலவழிக்க வேண்டும். கார்ப்பைக் கொல்ல வேண்டும், உள்நாட்டு மீனைக் கொல்லக்கூடாது. அடையாளம் தவறினால் ஒன்று தீங்கு மீன் திரும்ப ஆற்றுக்குப் போகும், அல்லது அழிவின் விளிம்பில் இருக்கும் மீன் உங்கள் கையில் சாகும்.

கையை நனைத்துக்கொண்டு மீனைப் பக்கவாட்டில் கிடத்துங்கள். முதலில் வாய். கார்ப்பின் வாய் கீழ்நோக்கிக் குழாய்போல் நீளும். மேலுதட்டின் ஒவ்வொரு பக்கத்திலும் இரண்டு மீசை, ஆக நான்கு: மேலே இருப்பது குட்டை, வாயின் மூலையில் தொங்குவது நீளம். உயிரோடு இருக்கும்போது மீசை தாடையோடு ஒட்டிக்கொள்வதால் சட்டென்று தெரியாது. விரலால் மெதுவாகத் தடவினால் சதைப்பற்றோடு கையில் தட்டுப்படும்.

அடுத்து முதுகுத் துடுப்பு. நடு முதுகில் உயர்ந்து ஆரம்பித்து, வாலை நோக்கித் தாழ்ந்தபடி இடைவெளியில்லாமல் ஒரே துடுப்பாக ஓடும். அதன் முன்பக்கம் தடித்த முள் ஒன்று இருக்கும். அதன் பின்விளிம்பு ரம்பப் பல்போல் சொரசொரக்கும். நைலான் வலையில் அந்த முள் மாட்டிக்கொண்டால் எடுப்பது பெரும்பாடு. செதில்கள் பெரியவை, ஒவ்வொன்றின் அடியிலும் கருமை படிந்து உடம்பு முழுக்க வலை விரித்ததுபோல் தெரியும். நிறத்தை நம்பாதீர்கள், ஆலிவ் பச்சை, வெண்கலம், பொன் என்று தண்ணீரைப் பொறுத்து மாறும். அங்கங்கே சில பெரிய செதில் மட்டும் இருக்கும் கண்ணாடிக் கெண்டையும், செதிலே இல்லாததுபோல் தோல் தெரியும் வகையும் இதே மீன்தான்.

மாறிப்போகக்கூடியவை:

மீசை இருந்தால் கார்ப் என்று பலர் சொல்லித்தருகிறார்கள். அது ஆபத்தான பாடம். உள்நாட்டு நன்னீர்க் கெளுத்திக்கும் மீசை உண்டு, வாயைச் சுற்றி எட்டு. செதில் கிடையாது, உடம்பின் பின்பாதி விலாங்குபோல் ஒடுங்கி, துடுப்பு வால்வரை சுற்றி ஓடும். மர்ரே-டார்லிங் படுகையில் மிகவும் அருகிவிட்ட மீன் இது. நியூ சவுத் வேல்ஸின் மேற்கு நதிகளில் பாதுகாக்கப்பட்டது. முள்ளில் விஷமும் உண்டு, கையால் இறுக்கிப் பிடிக்காதீர்கள். தூண்டில் நூலை அறுத்தாவது மீனை உடனே விட்டுவிடுங்கள்.

பொன்மீன் உருவத்தில் கார்ப்பை அப்படியே ஒத்திருக்கும். ஆனால் மீசை அறவே இல்லை. கார்ப்பும் பொன்மீனும் கலந்த கலப்பினத்துக்குச் சின்னஞ்சிறு மீசையோ ஒரே சோடியோ இருக்கும். சந்தேகம் வந்தால் படம் எடுத்துக்கொள்ளுங்கள். டென்ச் என்ற மீனுக்கு ஒரே சோடிச் சிறு மீசை, மிகப் பொடிச் செதில், வால் கிட்டத்தட்ட நேராக வெட்டியதுபோல் இருக்கும்.

கோல்டன் பெர்ச், சில்வர் பெர்ச், மர்ரே காட் மூன்றும் உள்நாட்டு மீன்கள், மூன்றுக்கும் மீசை இல்லை. முதுகுத் துடுப்பின் முன்பாதி கூர்முட்களோடு, பின்பாதி மென்மையாக, நடுவே ஒரு பள்ளத்தோடு இருக்கும். மர்ரே காட்டின் வால் வட்டமானது. கார்ப்பின் வால் ஆழமாகப் பிளந்தது.

ஆகவே நான்கு மீசை, செதில், நீண்ட ஒற்றை முதுகுத் துடுப்பு, பிளந்த வால். இந்த நான்கும் சேர்ந்து இருந்தால் மட்டும் கார்ப். விரல் நீளம்கூட இல்லாத குஞ்சுகளில் மீசையைப் பார்ப்பது கடினம். அவற்றை வைத்து அவசர முடிவு எடுக்காதீர்கள். விக்டோரியாவின் விக்ஃபிஷிங் செயலியிலும் நியூ சவுத் வேல்ஸின் ஃபிஷ்ஸ்மார்ட் செயலியிலும் படங்களும் அளவு விதிகளும் இருக்கின்றன. இரண்டும் இலவசம், வீட்டிலேயே இறக்கி ஒருமுறை புரட்டிவிடுங்கள்.

5. எப்போது போகலாம்

வசந்தத்தில் தண்ணீர் 17 டிகிரியைத் தொட்டதும் கார்ப் முட்டையிட ஆழமில்லாத புல்லோரங்களுக்கு வரும். செப்டம்பர் முதல் டிசம்பர் வரை கரையோரம் முதுகு தெரியப் புரண்டு தண்ணீர் அடிப்பதைப் பார்க்கலாம். பெரிய பெண் மீன் ஒன்றே ஓராண்டில் பத்து லட்சம் முட்டைக்கு மேல் இடும் என்பதால், முட்டையிடும் முன் பிடிக்கும் மீனுக்குத்தான் மதிப்பு அதிகம்.

ஆனால் அதே காலத்தில்தான், செப்டம்பர் 1 முதல் நவம்பர் 30 வரை, மர்ரே காட் பிடிக்கத் தடை. கார்ப்புக்குப் போட்ட தூண்டிலில் காட் மாட்டினால் குற்றமில்லை. எடைபோட்டு, படம் எடுத்து நேரம் கடத்தாமல் உடனே விட வேண்டும். அந்த மாதங்களில் சின்னக் கொக்கியும் சோளமுமாகப் போனால் காட் மாட்டும் வாய்ப்பு மிகக் குறைவு. கோடையில் நடுப்பகல் வேண்டாம், விடிகாலையோ சாயங்காலமோ போங்கள். பாம்புகளும் அப்போது கரையில் இருக்கும், ஷூ போட்டுக்கொள்ளுங்கள்.

6. கரையேறிய பிறகு

விக்டோரியாவில் கார்ப்பை உயிரோடு வைத்திருப்பது, எடுத்துச் செல்வது, தண்ணீரில் விடுவது எல்லாமே குற்றம். நியூ சவுத் வேல்ஸிலும் பிடித்ததைத் திரும்ப விட வேண்டாம். வாளியில் தண்ணீர் பிடித்து உயிரோடு வீட்டுக்குக் கொண்டுபோய் 'ஃபிரெஷ்ஷாக' வெட்டும் நம் ஊர்ப் பழக்கத்தைக் கண்டிப்பாக விட்டுவிடுங்கள்.

கரையில் போட்டுத் துடிக்கவிடுவதும் தவறு. கார்ப் காற்றில் வெகுநேரம் உயிரோடு கிடக்கும். கண்களுக்குச் சற்றுப் பின்னால், தலையின் உச்சியில், தடியால் ஓங்கி ஒரே அடி. பிறகு செவுளை அறுத்து இரத்தத்தை வடியவிடுங்கள். பிள்ளைகள் கூட இருந்தால் முன்கூட்டியே சொல்லிவையுங்கள், இல்லையென்றால் அழுவார்கள். தீங்கு மீன் என்றாலும் அது வேதனைப்படாமல் சாக வேண்டும் என்பதில் நான் உறுதியாக இருக்கிறேன்.

செத்ததைக் கரையில் வீசிவிட்டு வராதீர்கள். அழுகி நாறும், குப்பை போட்டதாகக் கணக்கு. பையில் கட்டி வீட்டுக்குக் கொண்டுவந்து எலுமிச்சை மரத்தடியில் முழங்கால் ஆழத்துக்குக் குழி வெட்டிப் புதையுங்கள். ஆழம் குறைந்தால் நரி தோண்டிவிடும். நல்ல உரம். டெனிலிக்வினில் கார்ப்பை அரைத்து 'சார்லி கார்ப்' என்ற திரவ உரமே தயாராகிறது.

7. சாப்பிடலாமா

தாராளமாக. வெள்ளைக்காரர்கள் முகம் சுளிப்பதற்குச் சேற்று வாடையும் முள்ளும்தான் காரணம், இரண்டுக்கும் நம் சமையலில் வழி உண்டு. அடித்ததும் இரத்தம் வடித்து ஐஸில் போடுங்கள். வீட்டில் தோலை உரித்து, பக்கவாட்டில் நீளமாக ஓடும் கருஞ்சிவப்புச் சதையை முழுவதும் வழித்து எடுத்துவிடுங்கள். வாடையில் பெரும்பங்கு அதில்தான். கவட்டை முட்களுக்கு, சதையில் இரண்டு மூன்று மில்லிமீட்டர் இடைவெளியில் குறுக்கே கீறி, மிளகாய்த்தூள், மஞ்சள், உப்பு தடவி நன்றாக மொறுமொறுவென்று பொரித்தால் முள் கரைந்ததுபோல் போய்விடும். குழம்பென்றால் புளி தூக்கலாக, வெந்தயம் தாளித்து, மறுநாள் சாப்பிடுங்கள். வசந்தத்தில் கிடைக்கும் சினையைத் தனியே வறுக்கலாம்.

நீலப்பச்சைப் பாசி எச்சரிக்கைப் பலகை இருந்தால் அந்தத் தண்ணீரில் பிடித்ததைச் சாப்பிட வேண்டாம். நகரத்துக்குள் மழைநீர் வடிகால் வந்து சேரும் பூங்காக் குளங்களில் பிடித்ததையும் நான் சாப்பிடமாட்டேன், அவற்றைப் புதைத்துவிடுங்கள். வைரஸ் விட்டுவிட்டார்களாமே, சாப்பிடலாமா என்று சிலர் கேட்கிறார்கள். கார்ப்பை மட்டும் தாக்கும் ஹெர்பஸ் வைரஸ் ஒன்றை ஆற்றில் விடலாமா என்று அரசு ஆராய்ந்து 2022-ல் திட்ட அறிக்கை வெளியிட்டது. அது மனிதரைத் தாக்காது. இன்னும் ஆற்றில் விடவும் இல்லை.

8. நிலம் வாங்கியவர்களுக்கு: உங்கள் குட்டையில் கார்ப் வந்தால்

ஊருக்கு வெளியே சில ஏக்கர் வாங்கியவர்கள் இப்போது நம்மிலும் இருக்கிறார்கள். நியூ சவுத் வேல்ஸில் 2 ஹெக்டேருக்கு மிகாத சொந்தக் குட்டையில் மீன்பிடிக்க லைசன்ஸ் வேண்டாம். ஆனால் தூண்டில் போட்டு ஒரு குட்டையைச் சுத்தம் செய்ய முடியாது. மிச்சமிருக்கும் ஒரு சோடி போதும், அடுத்த வசந்தத்தில் பழையபடி நிறைந்துவிடும். உருப்படியான வழி வற்றவைப்பதுதான். பிப்ரவரி, மார்ச்சில் தண்ணீர் எப்படியும் குறையும். அப்போது பம்ப் வைத்து இறைத்து, சேறு காய்ந்து வெடிக்கும்வரை விடுங்கள். இறைக்கும் தண்ணீர் ஓடைக்குப் போகாமல் புல்வெளியில் பாயட்டும், குழாய் வாயில் நெருக்கமான வலை கட்டுங்கள். மருந்து கலக்கும் யோசனை யாராவது சொன்னால் கேட்காதீர்கள். அனுமதியில்லாமல் மீன்கொல்லி மருந்து போடுவது பெரிய குற்றம், ஓடையில் இறங்கினால் விளைவு உங்கள் வேலிக்குள் நிற்காது.

ஆற்றிலிருந்து குட்டைக்குத் தண்ணீர் ஏற்றும்போதுதான் பெரும்பாலும் குஞ்சு வந்து சேர்கிறது. உறிஞ்சும் முனையில் சல்லடை இருக்கட்டும். முட்டை நீர்ச்செடியில் ஒட்டிக்கொள்ளும் என்பதால் வலை, பூட்ஸ், படகு எல்லாவற்றிலும் ஒட்டிய பாசியை எடுத்துவிட்டு வெயிலில் காயவைத்த பிறகே வேறு தண்ணீருக்குக் கொண்டுபோங்கள்.

தூண்டிலால் மர்ரேயில் கார்ப் குறைந்துவிடும் என்று நான் சொல்லவில்லை. முழுதாக ஒழித்த ஏரிக்கு ஓர் உதாரணம் டாஸ்மேனியாவின் கிரெசென்ட் ஏரி. 1995-ல் அங்கே கார்ப் இருப்பது தெரிந்ததும் ஏரியை மூடினார்கள். ரேடியோ பொருத்திய கார்ப்பை உள்ளே விட்டு, அது போய்ச் சேரும் கூட்டத்தைக் கண்டுபிடித்து, முட்டையிடும் ஓரங்களை வலையால் அடைத்து, 2007-ல் கடைசி மீனை எடுத்தார்கள். மூடிய ஏரிக்கே பன்னிரண்டு ஆண்டு ஆனது. புது இடத்துக்குப் பரவவிடாமல் தடுப்பதில்தான் நம் போன்றவர்களின் பங்கு உண்மையில் பெரியது.

9. கோய் வளர்ப்பவர்கள்

கோய் மீனும் இதே கார்ப் இனம்தான். நியூ சவுத் வேல்ஸ், கான்பெரா இருக்கும் தலைநகரப் பகுதி, மேற்கு ஆஸ்திரேலியா ஆகியவற்றில் வளர்க்கலாம். மற்ற மாநிலங்களில் தடை. சிட்னியிலிருந்து மெல்பர்னுக்கு வீடு மாறும்போது தொட்டியோடு கொண்டுவந்தால் எல்லை தாண்டியதும் குற்றமாகிவிடும். கிளம்பும் முன் அங்கேயே வளர்ப்பவர் யாரிடமாவது கொடுத்துவிடுங்கள். எக்காரணத்துக்காகவும் ஓடையிலோ பூங்காக் குளத்திலோ விடாதீர்கள்.

10. புது இடத்தில் கண்டால்

மர்ரே படுகையில் கார்ப் இருப்பது செய்தியே இல்லை. கடலோர ஆறுகள், மலையோர ஓடைகள், இதுவரை கார்ப் இல்லாத ஏரி, இப்படி எங்காவது கண்டால் உடனே மாநில மீன்வளத் துறைக்குச் சொல்லுங்கள். மூன்று படம் எடுங்கள்: வாயும் மீசையும் நெருக்கத்தில், முழு உடம்பு பக்கவாட்டில், முதுகுத் துடுப்பு விரித்தபடி. பக்கத்தில் ஓர் அளவுகோலோ சாவியோ கிடக்கட்டும். போனில் இருப்பிடத்தைப் பதிவு செய்யுங்கள், தேதியும் நேரமும் குறியுங்கள். முடிந்தால் மீனை ஐஸில் வைத்து, வேண்டுமா என்று அவர்களிடம் கேட்ட பிறகு புதையுங்கள்.

யாராவது உயிருள்ள கார்ப்பை விடுவதையோ வீச்சு வலை போடுவதையோ பார்த்தால் நேரில் சண்டைக்குப் போக வேண்டாம். விக்டோரியாவில் 13 3474, நியூ சவுத் வேல்ஸில் 1800 043 536. இடம், நேரம், வண்டி எண் மூன்றையும் சொன்னால் போதும். ஆங்கிலத்தில் பேசத் தயக்கமாக இருந்தால் 131 450-க்கு அழைத்துத் தமிழ் மொழிபெயர்ப்பாளர் வேண்டும் என்று கேளுங்கள். அவர்கள் வழியாகவே துறையோடு பேசலாம்.